பிறந்த தேதியில் வந்து இறங்கியவள்

சேலத்துக்கு மேலே மலையில், ஒண்டிக்கடைப் பக்கம் ஒரு லாட்ஜில் வரவேற்பறை வேலை எனக்கு. சாவி கொடுக்க வேண்டும், வெந்நீர் வராததற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும், வெளிநாட்டுக்காரர் தங்கினால் அன்றைக்கே கணினியில் அரசுக்குத் தெரிவிக்க வேண்டும்.

போன கோடையில் ஒரு புதுமண ஜோடி வந்தது. பெண்ணின் கையில் மருதாணி மங்கவில்லை. ஆதார் கேட்டேன். மாப்பிள்ளை கூடவே ஒரு தாளையும் நீட்டினார். சேலத்துப் பக்கம் இலங்கைத் தமிழர் முகாமில் இருப்பவர்களாம். இரண்டு நாள் வெளியே தங்க அதிகாரி கொடுத்த அனுமதி. 'காரணம்: திருமணம் முடிந்தமை' என்று எழுதி முத்திரை குத்தியிருந்தது. தேனிலவுக்கு அரசாங்க முத்திரை வாங்கி வந்தவர்களை அன்றுதான் பார்த்தேன்.

ஆதாரைப் பதிந்துகொண்டு சாவியைக் கொடுத்திருக்கலாம். எனக்குத்தான் கடமையுணர்ச்சி பொங்கியது. முதலாளிக்குப் போன் போட்டேன்.

"எதுக்கு வம்பு? ஃபாரினர் ஃபார்ம் போட்டுரு கண்ணு" என்றார்.

"நான் சேலம் பெரியாஸ்பத்திரியில பொறந்தவங்க்கா" என்றாள் அந்தப் பெண். "எங்கம்மாதான் அஞ்சு வயசுல படகுல வந்தாங்க."

படிவத்தைத் திறந்தேன். பாஸ்போர்ட் எண்? இல்லை. விசா? இல்லை. இந்தியாவுக்கு வந்த தேதி? அவளுடைய பிறந்த தேதியைப் போட்டேன். எந்த நாட்டிலிருந்து?

"அம்மா வயித்துல இருந்துன்னு போடுங்க்கா."

அப்படி ஒரு நாடு பட்டியலில் இல்லை. கட்டங்கள் எல்லாம் சிவந்தன. தமிழில் ஒரு சொல் தெரியாத வெள்ளைக்காரர் ஒருவரை அன்று காலையில்தான் நாலே நிமிடத்தில் இதே கணினி வரவேற்றிருந்தது.

காவல் நிலையத்துக்குப் பேசினேன்.

"தமிழ் பேசறாங்களா?"

"என்னைவிட நல்லாப் பேசறாங்க சார்."

"அப்ப இந்தியன்னு போடுங்க."

"இந்தியா இவங்கள இல்லைங்குதுங்களே."

"அப்ப வெளிநாடுன்னு போடுங்க."

"பாஸ்போர்ட் இல்லீங்க."

"சரி, சாயங்காலமும் காலையிலயும் ஒருக்கா இங்க வந்து மூஞ்சியக் காட்டச் சொல்லுங்க."

ஏரியில் படகுக்கு வரிசையில் நின்றவர்கள், முறை வருவதற்குள் முகம் காட்ட ஓடினார்கள். திரும்பி வந்தபோது படகுத்துறையைப் பூட்டியிருந்தார்களாம்.

"நொம்பப் பத்திரமாப் பாத்துக்கறாங்க்கா" என்றாள். "பொறந்ததுல இருந்து பாத்துக்கிட்டேதான் இருக்காங்க. அரிசி தர்றாங்க, உதவித்தொகை தர்றாங்க, புது ஊடும் கட்டிக் குடுத்தாங்க. அகதி முகாமுன்னு இருந்தத மறுவாழ்வு முகாமுன்னு பேரு மாத்திட்டாங்க. வாழ்வு எப்பன்னுதான் சொல்லல."

மாப்பிள்ளை அவள் கையை மெல்ல அழுத்தினார். எனக்குத் தலை நிமிரவில்லை.

மறுநாள் காலை வேறொரு காவலர் இருந்தார். "உங்கள யாரு வரச் சொன்னது?" என்று திருப்பி அனுப்பிவிட்டார். அந்தச் சந்தோஷத்தில் இருவரும் ஆட்டோ பிடித்துக் கரடியூர் போய் மலைமுனையில் நின்று படம் எடுத்துக்கொண்டு வந்தார்கள். சாயங்காலக் கணக்கெடுப்புக்கு முகாமில் இருந்தாக வேண்டும் என்று உடனே பையைக் கட்டினார்கள்.

போகும்போது, முகாம் அதிகாரியிடம் காட்ட, இங்கேதான் தங்கினார்கள் என்று எழுதித் தரச் சொன்னார் மாப்பிள்ளை. 'இருவரும் இரண்டு நாள் சந்தோஷமாகத் தங்கியிருந்தார்கள்' என்று எழுதிக் கொடுத்தேன்.

அவள் படித்துப் பார்த்தாள்.

"சந்தோஷமாங்கறத அடிச்சிருங்க்கா. அதுக்குத் தனியா விசாரிப்பாங்க."

அடித்துக் கொடுத்தேன். சேலம் பஸ்ஸுக்கு ஓடினார்கள்.