ஒன்றரை அங்குலப் பள்ளம்

மூட்டு அறுவை முடிந்த என் மனைவி நாளை மறுநாள் அதியமான்கோட்டை வீட்டுக்குத் திரும்ப வேண்டும். குந்தி உட்காரக் கூடாது என்பது மருத்துவர் உத்தரவு. வீட்டிலிருந்த ஒரே கம்மோடோ, ஃப்ளஷ் செய்தால் அடியில் கசிந்தது, உட்கார்ந்தால் ஆடியது.

பிளம்பர் இருமுறை வந்து சுற்றிலும் வெள்ளைச் சிமெண்ட் பூசிவிட்டுப் போயிருந்தார். மூன்றாம் முறையும் அதே டப்பாவோடு வந்தார்.

"இன்னொரு கோட்டிங் அடிச்சா நின்னுரும் சார். ஃப்ளஷ் டேங்க்குலருந்துதான் வழியுது."

டேங்க்கைத் தொடாமல், ஒரு வாளித் தண்ணீரில் சொட்டு நீலம் கலந்து நேரே கம்மோடுக்குள் ஊற்றினேன். கம்மோடின் அடியிலிருந்து நீலம் எட்டிப் பார்த்தது.

"கழட்டுங்க" என்றேன்.

கழற்றினார். கழிவுக் குழாயின் வாய், டைல்ஸ் தளத்துக்கு ஒன்றரை அங்குலம் கீழே கிடந்தது. கம்மோடின் வாய் அதைத் தொடவே இல்லை. நடுவே வெறும் சிமெண்ட்.

"பழைய டைல்ஸ் மேலயே புது டைல்ஸ் ஒட்டச் சொன்னது யாருங்க?"

நான்தான். அறையிலிருந்து இறங்கும்போது மனைவியின் கால் தடுக்கக் கூடாதென்று கழிப்பறைத் தளத்தை உயர்த்தச் சொன்னேன். கொத்தனாருக்கு மூன்று பக்கக் குறிப்பு எழுதிக் கொடுத்தேன். அதில் டைல்ஸின் நிறம்கூட இருந்தது. குழாயின் உயரம் இல்லை. ஓய்வு பெறாமல் பணியில் இருந்திருந்தால் அதற்கு எனக்கே ஒரு மெமோ கொடுத்திருப்பேன்.

சுற்றிலும் கொத்தி, குழாயில் கப்ளிங் வைத்து ஒரு துண்டுக் குழாயை இணைத்தோம். வாய் தளத்துக்கு மேல் கால் அங்குலம் நின்றது. ரப்பர் காலர் மாட்டி, ரசமட்டம் வைத்து, திருகாணி முடுக்கினார். சிமெண்ட் டப்பாவை நான் பிடுங்கி வைத்துக்கொண்டேன். சுற்றிலும் செய்தித்தாள் விரித்துப் பத்து முறை ஃப்ளஷ் செய்தோம். தாள் நனையவில்லை.

மருத்துவமனையில் இருந்த மனைவிக்குப் போன் செய்தேன்.

"நான் உக்காந்து பாத்துட்டேன், ஆடல."

"உங்க எடையும் என் எடையும் ஒண்ணாங்க?"

நியாயம். பிளம்பரைப் பார்த்தேன். தொண்ணூறு கிலோவுக்குக் குறையாது. வேட்டியோடு உட்கார்ந்து இரண்டு பக்கமும் அசைந்து காட்டினார்.

"பாற மாதிரி இருக்குன்னு சொல்லுங்க சார்."

வீட்டுக்கு வந்த அன்று அவள் வாக்கரோடு உள்ளே போனாள். தாழ்ப்பாள் வேண்டாம் என்றேன்; போட்டுக்கொண்டாள். வெளியே நின்றேன். ஃப்ளஷ் சத்தம் கேட்டது.

"அடியில தண்ணி வருதா?"

"காஞ்சுதான் கெடக்கு. கதவுகிட்டருந்து தள்ளிப் போங்க மொதல்ல."