பெருவிரலுக்குப் போட்ட எண்

எங்கள் ஆஸ்பத்திரியின் நோயாளர் சீட்டில் வலது மூலையில் ஒரு சின்னக் கட்டம் இருந்தது. அந்தக் கட்டத்துக்கு நான்தான் ராசா. அறுபதுகளின் தொடக்கம் அது. துணுக்காய்ப் பக்கம், காடு வெட்டிக் கொடுத்த குடியேற்றக் காணிகளுக்கு நடுவே இருந்த சிறிய ஆஸ்பத்திரி. டாக்டர் இல்லாத அங்கே வைத்தியம் பார்த்த அப்போதிக்கரி ஐயா நோயை எழுதுவார். அதற்குரிய எண்ணைத் தடித்த புத்தகமொன்றில் தேடிச் சிவப்பு மையால் கட்டத்தில் போடுவது இலிகிதனான என் வேலை. உலகம் முழுவதும் ஒரு நோய்க்கு ஒரே எண்தான் என்பது இருபத்துமூன்று வயதில் எனக்குத் தலைக்கேறியிருந்தது. கொழும்புக்குப் போகும் என் மாதப் பட்டியலில் ஒரு கட்டமும் வெறுமையாய்ப் போனதில்லை என்று காண்பவரிடமெல்லாம் பீற்றிக்கொள்வேன்.

எலும்பு முறிவுக்கு அந்தப் புத்தகத்தில் இரண்டு வழிதான். தோல் கிழியாமல் உள்ளுக்குள் முறிந்தால் மூடிய முறிவு. எண்ணின் கடைசியில் பூச்சியம் வரும். காயத்தோடு முறிந்தால் திறந்த முறிவு. கடைசியில் ஒன்று வரும். ஐயாவின் கிறுக்கலை வாசித்து மாளாத தாதி, என் எண்ணைப் பார்த்தே வேலை செய்யப் பழகியிருந்தார். ஒன்று என்றால், காயத்தில் மண் பட்டு வாயைக் கிட்டவைத்து ஆளைக் கொல்லும் ஏற்புவலி வராமலிருக்க ஊசி போட்டு, வவுனியா பெரியாஸ்பத்திரிக்கு லொறியில் அனுப்புவார். பூச்சியம் என்றால் தடி வைத்துக் கட்டி வீட்டுக்கு விடுவார். ஊசி மருந்து எப்போதும் தட்டுப்பாடு. இந்தக் குறுக்குவழியை அவருக்குச் சொல்லிக்கொடுத்து நல்ல பெயர் வாங்கியதும் நான்தான்.

அக்கா என்று நான் கூப்பிட்டது, யாழ்ப்பாணத்திலிருந்து கணவரோடு வந்து வாய்க்கால் ஓரம் காணி எடுத்துக் குடியிருந்த ஒரு பெண்ணை. அவருடைய தகப்பன் யாழ்ப்பாணத்தில் முறிவு நெறிவுக்கு நாட்டு வைத்தியம் பார்ப்பதில் பெயர்போன பரியாரியார். ஒரு நாள் காணியில் மரக்குற்றி பிடுங்கும்போது இரும்பு அலவாங்கு நழுவி, கணவரின் வலது கைப் பெருவிரல் நசிந்துவிட்டது. தகப்பனிடம் பார்த்துப் பழகிய பக்குவத்தில் அக்காவே பச்சிலை அரைத்துப் பத்துப் போட்டு, சீலைத் துணியால் இறுக்கிக் கட்டிக் கூட்டிவந்தார். வந்து சேர்வதற்குள் பத்துக் காய்ந்து இறுகியிருந்தது. இரத்தம் வந்ததா என்று கேட்டிருந்தால் அக்கா சொல்லியிருப்பார். ஒருவரும் கேட்கவில்லை.

ஐயா அன்று அடுத்த ஊர் மருந்தகத்துக்குப் போகும் அவசரத்தில் இருந்தார். விரலை அசைத்துப் பார்த்து, பெருவிரல் முறிவு என்று மட்டும் எழுதினார். எண்ணெய் விட்டுப் பத்தை ஊறவைக்கும்படி தாதியிடம் சொல், பின்னேரம் வந்து பிரித்துப் பார்க்கிறேன், அதுவரை எண் போடாதே என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார். எனக்கோ மாதப் பட்டியல் மத்தியானத் தபாலில் போகவேண்டும். திறந்ததா மூடியதா என்று எழுதப்படாத முறிவை மூடியதாகவே கொள்ள வேண்டும் என்று புத்தகத்தில் ஒரு விதி இருந்தது. அதைக் கண்டதும் எனக்குப் புளுகம், இந்த மாதமும் வெறுங்கட்டம் விழாது என்று. பட்டியலில் பூச்சியம் போட்டேன். கை பழகின பழக்கத்தில் சீட்டிலும் போட்டேன். தாதியிடம் சொல்ல வேண்டியதைச் சுத்தமாக மறந்துபோனேன். தாதி எண்ணைப் பார்த்தார், பத்துக்கு மேலேயே தடி வைத்துக் கட்டினார். அந்த மனிதரும் வயலுக்குத் தண்ணீர் முறை என்று அந்தரப்பட்டுக்கொண்டிருந்தார், போகவிட்டார். பின்னேரம் வந்த ஐயா எண்ணைக் கண்டு, நாங்கள் பிரித்துப் பார்த்துவிட்டோம் என்று எண்ணிக்கொண்டார்.

எட்டாம் நாள் அவரை மாட்டுவண்டியில் கொண்டுவந்தார்கள். ஏற்புவலியில் வாய் கிட்டிப்போயிருந்தது. ஐயா பத்தை வெட்டிப் பிரித்தபோது உள்ளே எலும்பின் முனை தெரிந்தது. அன்றைக்கே வவுனியாவுக்கு அனுப்பினோம். மூன்றாம் நாள் அவர் இறந்துபோன செய்தி வந்தது. பிரித்துப் பார்த்துவிட்டா எண் போட்டாய் என்று ஐயா என்னைக் கேட்டார். இல்லை என்றேன். சீட்டை என் பக்கம் தள்ளிவிட்டு எழுந்து போனார். விஷயம் வெளியே வந்தால் தன் தலையும் உருளும் என்று அவருக்குத் தெரியும். ஊர் அக்காவின் முகத்துக்கு முன்னால் விதி என்றது. முதுகுக்குப் பின்னால் பத்துத்தான் கொன்றது என்றது. எனக்கு அது வசதியாக இருந்தது. வெட்கமில்லாமல் சொல்கிறேன், அன்றிரவு நித்திரையும் வந்தது.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்தபின், காணிப் பத்திரத்தைத் தன் பெயருக்கு மாற்றக் கடிதம் எழுதித்தரக் கேட்டு அக்கா என்னிடம் வந்தார். கடிதத்தை வாங்கிய பிறகும் கதிரையை விட்டு எழும்பவில்லை.

"தம்பி, மறைக்காமல் சொல்லுங்கோ. நான் போட்ட பத்தாலதான் அவர் போனவரோ?"

அந்தச் சீட்டு என் மேசை லாச்சிக்குள்தான் இருந்தது. எடுத்துக் காட்டியிருக்கலாம்.

"ஓம் அக்கா" என்றேன்.

அக்கா அழவில்லை. தலையை ஆட்டிவிட்டு எழுந்து போனார். பிறகு, அவரைத் தன்னோடு கூட்டிப்போகவென்று யாழ்ப்பாணத்திலிருந்து வந்த தகப்பனோடு அவர் முகம் கொடுத்துக் கதைக்கவில்லையாம். கிழவர் அடுத்த பஸ்ஸிலேயே திரும்பிவிட்டார்.

இடமாற்றத்தில் போய், ஆறு வருடம் கழித்து அதே ஆஸ்பத்திரிக்குத் திரும்பி வந்தேன். ஒரு காலை, கை முறிந்த பிள்ளையோடு வந்த அயல்வீட்டுத் தாயொருத்திக்குத் துணையாக அக்கா வந்தார். நரைத்திருந்தார். என்னைக் கண்டதும் முகம் மலர்ந்தது. பிறகு அந்தத் தாயிடம் சொன்னார்:

"பத்துக் கித்துப் போட்டுடாதை பிள்ளை. நான் போட்டுத்தான் என்ர மனுசனைச் சாகக் குடுத்தனான். எல்லாரும் எனக்கு விதி எண்டுதான் சொன்னவை. இந்தத் தம்பி ஒராள்தான் உண்மையைச் சொன்னவர்."

நான் குனிந்து பிள்ளையின் பெயரை எழுதிக்கொண்டிருந்தேன். அப்போதாவது சொல்லியிருக்கலாம். அதற்குப் பிறகும் மூன்று வருடம் அங்கேதான் இருந்தேன், வாரத்துக்கு ஒரு தரமாவது அவரைக் கண்டேன். இப்போது எனக்கு எண்பது கடந்துவிட்டது. கணினியே எண்ணைத் தேடிக் கொடுக்கிறது என்கிறார்கள், நல்லதுதான். அக்கா இறந்து எத்தனையோ காலம். தன்னைக் கொலைகாரி என்றும் என்னை உண்மை சொன்னவன் என்றும் நம்பியபடியே கண்ணை மூடியிருப்பார்.