வோபர்ன் காப்பிக் கடையில் லண்டன் இங்கிலீசு

வெளியே பனி கொட்டுகிறது. பிக்கரிங் பஸ்ஸுக்காகக் காப்பிக் கடையில் ஒதுங்கியிருக்கிறேன். எதிரே யாழ்ப்பாணத்துச் சிவராசா. லண்டனில் இரண்டு வருடம் இருந்துவிட்டு டொராண்டோ வந்தவர். கேட்காமலே பாடம் நடத்துகிறார்.

"பொப் எண்டால் ஷில்லிங். பொட் எண்டால் ஆள். பொக் எண்டால் கக்கூஸ்."

ஷில்லிங் கணக்கை லண்டனே கைவிட்டாயிற்று, இவர் விடவில்லை.

"அகராதியில பொக்னா சதுப்பு நிலம்னுதானே சார் இருக்கு?"

"அகராதியைத் தூக்கி எறியும். லண்டன் சனம் கதைக்கிறதுதான் இங்கிலீசு."

கோப்பை கோப்பையாகக் காப்பி குடித்தபின், பொக் எங்கே என்று பணிப்பெண்ணிடம் கேட்கிறார். அவள் விழிக்கிறாள். இன்னும் உரக்கக் கேட்கிறார். தோளைக் குலுக்கிவிட்டுப் போய்விடுகிறாள்.

"வாஷ்ரூம் உங்க பின்னாலதான் சார் இருக்கு. கதவுல எழுதியிருக்கே."

"வாஷ்ரூம் எண்டு எழுதின கதவுக்குள்ளை நான் போகமாட்டன். உவையள் முதல்ல இங்கிலீசு படிக்கட்டும்."

பஸ் வருகிறது. உள்ளே இருக்கையெல்லாம் காலி. நான் உட்கார்கிறேன். லண்டன் இங்கிலீசு மட்டும் கம்பியைப் பிடித்துக்கொண்டு, கால்களைப் பின்னியபடி, பிக்கரிங் வரை நின்றே வருகிறது.