வைரவருக்குப் போகாத வடைமாலை

எழுபதுகளில் கொழும்பு வெள்ளவத்தையில் கடலுக்கு இறங்கும் ஒழுங்கை ஒன்றில் இருந்த நாகேஸ்வரியை நாய்ப் பிரியை என்று எவரும் நினைத்துவிட வேண்டாம். கேற்றடியில் நாயைக் கண்டால் வாளித் தண்ணீரை வீசி ஊற்றுகிற ஆள். ஆனால் வெள்ளிக்கிழமை தவறாமல் வைரவருக்கு வடைமாலை சாத்துவார். மகள் அருந்ததிக்கு இரண்டு முறை கரு கலைந்து, இப்போதுதான் ஒன்று தங்கியிருந்தது. பிள்ளை பிறக்கும்வரை ஒரு வெள்ளியும் விடுவதில்லை என்று நேர்த்தி.

கோயிலில் வைரவரின் வாகனமாக நிற்கிற கல்நாயைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். ஒழுங்கைச் சனம் முழுக்க அப்படித்தான். அதே சனம்தான் மதகடியில் குட்டி போட்டிருந்த சொறிநாய்க்குச் சுடுதண்ணீர் ஊற்றியது. பிறகு நாய்பிடிக்கிற மாநகரசபை வண்டிக்கும் சொல்லியனுப்பியது. கழுத்தில் பட்டி இல்லாத நாயை வண்டி கொண்டுபோனால் அதன் கதை முடிந்தது.

அந்த வெள்ளி, நாகேஸ்வரி வடைமாலைத் தட்டோடு படியிறங்க, வண்டி வந்து நின்றது. சுருக்குக் கம்பியோடு ஒருவன் இறங்கினான். நாய் ஓடவில்லை. ஓடியிருந்தால் தப்பியிருக்கும். குட்டிகளைப் பின்னால் தள்ளிவிட்டு, நடுங்கும் காலோடு அவனுக்கு முன்னால் நின்றது. நாகேஸ்வரிக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. எலும்பும் தோலுமான இந்தச் சீவனுக்குள் இவ்வளவு தைரியம் எங்கே கிடந்தது?

கால் தானாகப் போனது. மாலையைத் தூக்கி நாயின் கழுத்தில் போட்டார்.

“மே பல்லா காகேத?” யாருடைய நாய் என்று வண்டிக்காரன் சிங்களத்தில் கேட்டான்.

“தெய்யன்கே,” என்றார் நாகேஸ்வரி. கடவுளுடையதாம்!

அவன் நாயையும் மாலையையும் மாறி மாறிப் பார்த்தான். கம்பியைத் தாழ்த்திக்கொண்டு வண்டியில் ஏறினான்.

வண்டிக்குச் சொல்லியனுப்பிய அடுத்த வீட்டுத் தியாகராசாவுக்குத்தான் பொறுக்கவில்லை. “என்ன அக்கா, சாமிக்குப் படைக்கிறதை நாய்க்குப் போட்டிட்டியள்? பிள்ளைத்தாச்சி மகளை நினைக்கேல்லையோ?”

“அவளை நினைச்சுத்தான் தம்பி போட்டனான்.”

மூக்கடியில் வடை தொங்கியும், வண்டி ஒழுங்கை முனையில் காலி வீதிப் பெருந்தெருவுக்குத் திரும்பி மறையும்வரை அந்தப் பசித்த வாய் அதைத் தொடவில்லை. பார்த்துக்கொண்டு நின்ற நாகேஸ்வரிக்குக் கண் நிறைந்துவிட்டது.

வெறும் தட்டோடு கோயிலுக்குப் போனார். பயம் இல்லாமல் இல்லை. வழக்கம்போலக் கல்நாயைத் தொட்டார். இத்தனை வருசமும் கல்லைத்தான் தொட்டிருக்கிறோம் என்று அன்றைக்குத்தான் உறைத்தது.

ஐப்பசியில் அருந்ததிக்குப் பெண்பிள்ளை சுகமாகப் பிறந்தது. அதற்கு எவ்வளவோ முன்பே, கேற்றடியில் வாளி இருந்த இடத்தில் ஒரு சோற்றுச் சட்டி வந்துவிட்டது.