இணைச்சீருக்கு முன் மரத்த கை

தம்பி கல்யாணத்துக்குச் சில வாரங்கள் இருக்கையில் என் வலது கை மரத்துப்போனது. காலையில் பல் துலக்கும்போது பிரஷ் கீழே விழுந்தது. எடுக்கக் குனிந்தேன், விரல்கள் மடங்கவில்லை.

கோபியிலிருந்து கோயமுத்தூருக்குத் தம்பிதான் அழைத்துப் போனான். ஸ்கேன் எடுத்தார்கள், நரம்பில் கரண்ட் வைத்துப் பார்த்தார்கள். எல்லாம் நன்றாக இருக்கிறதாம். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. கல்யாண வேலைக்குப் பயந்து நடிக்கிறேன் என்று சொந்தக்காரர்கள் பேச இது போதாதா?

டாக்டரம்மா என் முகத்தைப் பார்த்தே கண்டுகொண்டார்.

"நீங்க நடிக்கலீங்க. கை நெசமாலுமே வரல. மனசுல கெடக்கறது சில சமயம் ஒடம்புல வந்து நிக்கும். கல்யாணத்துல இந்தக் கைக்கு என்ன வேலைங்க?"

"ஒண்ணுமில்லீங்க" என்றேன்.

எங்கள் பக்கத்தில் தாலி கட்டுவதற்கு முன் இணைச்சீர் என்று ஒன்று உண்டு. கூறைச்சேலையின் ஒரு முனையை மாப்பிள்ளை கக்கத்தில் இடுக்கிக்கொள்வான். மறுமுனையை அவனோடு பிறந்தவள் பிடித்து நிற்பாள். கணவர் போன பிறகு நான் நிற்கக் கூடாதாம். அப்படி யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. எங்கள் ஆட்களுக்கு மரியாதை அதிகம். "உனக்கு எதுக்கு கண்ணு சிரமம்" என்றார்கள். நானும் பெரிய மனுஷி மாதிரி, "சித்தி புள்ள நிக்கட்டுங்க" என்று சொல்லி, அவளுக்குப் பட்டுச்சேலையும் எடுத்துக் கொடுத்தேன். இத்தனையையும் டாக்டரம்மாவிடம் சொல்லி அழுதேன். பக்கத்தில் இருந்த தம்பி தலையைக் குனிந்துகொண்டான்.

காரில் ஏறியதும், "அக்கா, நீங்க நின்னாத்தான் சீரு. இல்லீனா எனக்கு அந்தச் சீரே வேண்டாம்" என்றான்.

"கை வரலியேடா."

"வராட்டிப் போகுது. நானே சுத்தி உடறேன்."

மண்டபத்தில் முணுமுணுப்பு இல்லாமல் இல்லை. அம்மா காதில் விழாதவள் போல நின்றாள். தம்பி சேலை முனையை என் வலது கை விரல்களில் சுற்றிவிட்டு முன்பக்கம் திரும்பிக்கொண்டான். சீர் பாதியில் இருக்கும்போது பட்டு வழுக்கி நழுவத் தொடங்கியது. கீழே விழுந்தால் அபசகுனம் என்பார்கள், பழி என் தலையில்தான் விடியும். பதறிப் பிடித்தேன்.

"மெதுவா இழுங்க்கா" என்றான் தம்பி, திரும்பாமலே. அவன் குரல் உடைந்திருந்தது.

அப்போதுதான் சேலையைச் சுற்றி மடங்கியிருந்த என் வலது கை விரல்களைப் பார்த்தேன்.