பாக்கி உண்டு என்று ஒரு வரி

பள்ளிக்கூடத்தைக் கட்டி முடித்துச் சாவியைக் கொடுத்தபோது அந்த ஊர் ஆந்திராவில் இருந்தது. பில் பாஸாவதற்குள் எல்லையைத் திருத்தி, ஊரை மதராசுக்குக் கொடுத்துவிட்டார்கள். என் பணம் மட்டும் எந்தப் பக்கமும் போகாமல் நின்றுவிட்டது. செங்கல்லுக்கும் கொத்தனார் கூலிக்குமாக, புத்தூர் பக்கத்தில் இருந்த ஒரு காணி நஞ்சையை அடமானம் வைத்திருந்தேன். என் மனைவிக்கு அவள் நைனா எழுதிவைத்த நிலம் அது.

சித்தூருக்குப் போய்க் கேட்டால், "ஆ ஊரு இப்புடு மதராசுலோ உந்தி கதா, அக்கட அடகண்டி" என்று குமாஸ்தா தெலுங்கில் சொல்லி, மதராஸ்காரர்களையே போய்க் கேட்கும்படி அந்தப் பக்கம் கையைக் காட்டுவார். அங்கே போனால், "அக்ரிமெண்ட் போட்டது ஆந்திராக்காரன், அவனையே கேளுய்யா" என்பார்கள். இரண்டு இடத்திலும் நாற்காலி போட்டுத்தான் பேசினார்கள், பாவிகள்! வாய்விட்டுத் திட்டவும் வழியில்லை. திட்டினால் அடுத்த டெண்டர் கிடைக்காது.

கடைசியில் திருப்பதியில் ஒரு வக்கீலிடம் போனேன். அவர் கணக்குப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "கேஸ் போட மூணு வருஷக் கெடு. அதிலே கொஞ்ச நாள்தான் பாக்கி இருக்கு. இப்பவே ரெண்டு சர்க்காருக்கும் நோட்டீஸ் விட்டு கேஸ் போடும். இல்லேன்னா, பாக்கி உண்டுன்னு கையெழுத்தோட ஒரு வரி எழுதி வாங்கிண்டு வாரும். அன்னியிலேர்ந்து கெடு புதுசாத் தொடங்கும்."

சர்க்கார் மேல் கேஸ் போட்டவனுக்கு அப்புறம் யார் வேலை கொடுப்பார்கள்? அந்த ஒரு வரிக்காக அலைந்தேன். வாயால் எல்லோரும் சொன்னார்கள், "உங்க பணம் எங்கேயும் போகாது" என்று. காகிதத்தை நீட்டினால் பேனாவில் மை இருக்காது.

கெடு முடியச் சில நாட்கள் இருந்தபோது, ஆந்திராக்காரனையே கேள் என்ற அதே மதராஸ் பக்கத்திலிருந்து ஒரு மெமோ வந்தது. பள்ளிக்கூடத்தின் கூரை ஒழுகுகிறதாம். பதினைந்து நாளில் ஓடு மாற்றாவிட்டால், எனக்குச் சேர வேண்டிய பாக்கியில் அந்தச் செலவைப் பிடித்துக்கொள்வார்களாம். கீழே இஞ்சினியரின் கையெழுத்து. எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. கூலி கொடுக்காதவனுக்கு ஓடு ஒரு கேடா? மெமோவின் குறுக்கே சிவப்பு மையில், 'முதலில் பணத்தைக் கொடு, பிறகு ஓடு மாற்றுகிறேன்' என்று எழுதி, கைக்காசு போட்டுப் பதிவுத் தபாலில் அவர்களுக்கே திருப்பி அனுப்பினேன். அன்றைக்குத்தான் நிம்மதியாகச் சாப்பிட்டேன்.

அடுத்த மாதம் இந்தப் பெருமையை வக்கீலிடம் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

"சேர வேண்டிய பாக்கின்னு எழுதியிருந்ததா? கையெழுத்தோட?"

"ஆமாங்க."

"அடப்பாவி மனுஷா! நான் கேட்ட வரி அதுதானேங்காணும். நகல் வச்சிருக்கீரா?"

என்னிடம் தபால் ரசீதுதான் இருந்தது. அனுப்பினேன் என்பதற்கு அது சாட்சி. என்ன அனுப்பினேன் என்பதற்கு இல்லை.

இனி டெண்டரைப் பற்றி யோசித்து என்ன பயன் என்று கேஸ் போட்டோம். கெடு தாண்டிவிட்டது என்று இரண்டு சர்க்காரும் ஒரே குரலில் சொன்னார்கள். அதில் மட்டும் அவர்களுக்குள் எல்லைத் தகராறே இல்லை. வக்கீல் கேட்டுக்கொண்டபடி, நான் திருப்பி அனுப்பிய மெமோ இருக்க வேண்டிய மதராஸ் ஃபைல் கோர்ட்டுக்கு வந்தது. நாற்பதாம் பக்கத்துக்குப் பிறகு நாற்பத்திரண்டு இருந்தது. கேஸ் தள்ளுபடியானது.

அடமானம் பிடித்தவருக்கே நிலத்தை எழுதிக் கொடுக்க ரிஜிஸ்டர் ஆபீஸுக்கு இருவரும் போனோம். அவள் பெயரில் இருந்த நிலமல்லவா, அவள்தான் கையெழுத்துப் போட வேண்டும். போட்டாள், விரல் ரேகையும் வைத்தாள். வெளியே வந்ததும் புடவைத் தலைப்பால் விரல் மையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்:

"அன்னிக்கு அம்மாம் கோவம் வந்திருந்தா என்னைத் திட்டிக்கினு இருந்திருக்கலாமே. கண்ணாலமான நாளா வாங்கிக்கினுதானே இருக்கேன்."