நைனா குடித்ததெல்லாம் பால் விடாத டீ

கங்கையம்மன் காலடியை வணங்கித் தொடங்குகிறேன். என்னைப் பெற்ற நைனாவைப் பற்றி எழுத வேண்டும் என்று அவர் இறந்த வருடத்திலிருந்தே நினைப்பேன், பேனாவை எடுப்பேன், மூடி வைத்துவிடுவேன். எட்டாவது வரைக்கும்தான் என் படிப்பு. பெரியவர்களை எதிர்த்து எழுதினாள் என்று பேச்சு வருமே என்ற பயமும் இருந்தது. இந்த ஐந்தாம் ஆண்டு நினைவு மலருக்காக அந்தப் பயத்தை விட்டுவிட்டேன். வருகிற பேச்சு வரட்டும்.

நைனா பிறந்தது ஏரிக்கு நடுவே இருக்கும் பசியாவரத்தில். சின்ன வயதிலேயே தகப்பனை இழந்து, ஏரியில் இறால் பிடித்தே தங்கைகளைக் கரையேற்றியவர். ஒருமுறை ஏரியில் சினிமா எடுக்க வந்தார்கள். குடிகாரன் வேடத்துக்கு வந்த நடிகருக்குப் படகைக் கண்டாலே நடுக்கம். படகு தள்ளப் போயிருந்த நைனா, "நான் செய்யட்டா சார்?" என்று கேட்டாராம். அன்றிலிருந்து எத்தனையோ படங்களில் நைனாதான் குடிகாரன். கதாநாயகனிடம் அடி வாங்குவார், சாக்கடையில் விழுவார், கல்யாணப் பந்தலில் கலாட்டா செய்வார். வலையை இழுத்துப் போட்டுவிட்டு, பொன்னேரியில் ரயிலேறிப் போய் நடித்துவிட்டு வருவார். பெயர் போடும்போது 'மற்றும் பலர்' என்பதற்குள் இருப்பார்.

"எப்டி நைனா இப்டி தள்ளாடுற?" என்று கேட்டால், "படகு ஆடசொல்ல விழாம நிக்கிறோம்ல, அதையே தரையில செய்யணும். குடிகாரன் விழறதுக்கா ஆடறான்? விழக்கூடாதுன்னு ஆடறாம்மா" என்பார்.

நைனா ஒரு சொட்டு தொட்டதில்லை. படப்பிடிப்பில் பாட்டிலில் ஊற்றிக் கொடுப்பது பால் விடாத டீ. ஆனால் ஊர் நம்பியது சினிமாவைத்தான்.

சுண்ணாம்புக்குளத்திலிருந்து என்னைப் பெண் பார்க்கப் படகில் வந்தார்கள். பையனின் பெரியப்பா, இன்று எனக்குப் பெரிய மாமனார், உட்கார்ந்ததுமே ஆரம்பித்தார்.

"படத்துல பாத்தேன். பழக்கம் இல்லாம அந்தத் தள்ளாட்டம் வராது."

"நீங்க படகுலேருந்து எறங்கசொல்ல எம்மா தள்ளாடுனீங்க! காலையிலயே இன்னா ஊத்திக்கினு வந்தீங்க?" என்றார் நைனா.

வீடே சிரித்தது. பையனும் சிரித்தார். பெரியப்பா சிரிக்கவில்லை.

"இனிமே நடிக்க மாட்டேன்னு கோயில்ல சூடம் அணைச்சி சத்தியம் பண்ணுங்க. பொண்ண எடுத்துக்கறோம்."

ஒத்துக்கொள்ளச் சொல்லி அம்மா உள்ளேயிருந்து கையெடுத்துக் கும்பிட்டார். நைனா எழுந்து நின்றார்.

"குடிச்சதில்லன்னு இப்பவே வந்து அணைக்கறேன். நடிக்க மாட்டேன்னு அணைச்சா அது பொய் சத்தியம். அம்மனாண்ட நான் பொய் சொல்ல மாட்டேன்."

தட்டைத் தொடாமல் எழுந்து போனார்கள். சில நாள் கழித்துப் பையன் மட்டும் தனியாகப் படகேறி வந்தார். "உங்க பொண்ண குடுங்க மாமா. நீங்க பாட்டுக்கு நடிங்க" என்றார். அவர்தான் என் வீட்டுக்காரர்.

கடைசியில் நைனாவுக்குக் கல்லீரல் கெட்டது. காமாலைக் கிருமியால் வந்தது என்று எங்கள் எல்லோர் முன்னாலும் டாக்டர் சொன்னார். யார் கேட்டார்கள்? கல்லீரல் என்ற ஒரு வார்த்தை ஊருக்குப் போதுமாக இருந்தது. கருமாதிப் படையலில் பெரிய மாமனார் மடியிலிருந்து ஒரு குவார்ட்டர் பாட்டிலை எடுத்து இலையோரம் வைத்தார்.

"ஆசையா குடிச்ச மனுசன். ஆத்மா அலையக் கூடாதும்மா."

அழுதுகொண்டேதான் வைத்தார். அவர் அன்பை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பாட்டிலை எடுத்து வாசலுக்கு வெளியே வைத்தேன்.

"செத்தவன் ஆசையில மண்ண போடறியா?"

"எங்க நைனா வாயில படாதத எலையில வெக்காதீங்க மாமா."

அதன் பிறகும் ஒவ்வொரு திதிக்கும் யாராவது ஒருவர் கொண்டுவந்து வைக்கிறார். நானும் எடுத்து வெளியே வைத்துக்கொண்டுதான் இருக்கிறேன். இனியும் வைப்பேன்.

நைனாவைப் படகில் கிடத்தி ஆஸ்பத்திரிக்கு ஓடிய பிள்ளைகளுக்கும், ரத்தம் கொடுத்தவர்களுக்கும், அவரோடு அடி வாங்கி நடித்து, கடைசி வரை வந்து பார்த்த கூட்டாளிகளுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. பெரிய மாமா, பாடையின் முன்பக்கம் தோள் கொடுத்தவர் நீங்கள். உங்களுக்கும் நன்றி. இந்த மலரை உங்களுக்கு என் கையாலேயே தருகிறேன்.

இன்று படையலில் ஒரு டம்ளர் பால் விடாத டீ இருக்கிறது. வந்தவர்கள் எல்லோரும் ஒரு வாய் குடித்துவிட்டுப் போங்கள். சினிமாவில் நைனா குடித்தது இதுதான். படித்தவர்கள் மற்றவர்களுக்குச் சொல்லுங்கள். தெய்வம், மகான் என்றெல்லாம் கூட்ட வேண்டாம், எதையும் குறைக்கவும் வேண்டாம். குடிகாரனாக நடித்தார், குடிக்கவில்லை. இதை இப்படியே சொல்லுங்கள்.